டிஎல்எல் காணவில்லை: ஏன்? எப்படிச் சரிசெய்வது?

சென்னிமலையில் பெட்ஷீட்டுக்கு ஜக்கார்டு டிசைன் போடும் கணினி ஒன்றில், மென்பொருளைத் திறந்ததும் 'எம்எஸ்விசிபி140.டிஎல்எல் காணவில்லை' என்று வருவதாக வைத்துக்கொள்வோம். போட்ட டிசைன் போய்விட்டதோ என்று பதற வேண்டாம். அது அப்படியே இருக்கும்.

தறி வைத்திருப்பவர் எல்லாரும் சாயப்பட்டறை வைப்பதில்லை. ஒரே பட்டறை பல தறிகளுக்கு நூல் தோய்த்துத் தரும். டிஎல்எல்லும் அப்படித்தான். பல மென்பொருள்களுக்குப் பொதுவான வேலைகள் ஒரே கோப்பில் இருக்கும். இதனால் வட்டில் இடமும் நினைவகமும் மிச்சம். மென்பொருள் கிளம்பும்போது விண்டோஸ் அதைத் தேடும். கிடைக்காவிட்டால் மென்பொருள் ஓடாது.

எம்எஸ்விசிபி140.டிஎல்எல் மைக்ரோசாஃப்டின் 'விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்' தொகுப்பில் உள்ளது. அவர்கள் தளத்திலேயே இலவசமாகக் கிடைக்கும். பலர் சறுக்குவது இங்கேதான்: 64 பிட் விண்டோஸில்கூட, 32 பிட் மென்பொருளுக்கு 32 பிட் தொகுப்புதான் வேண்டும். ஆகவே 32 பிட், 64 பிட் இரண்டையும் நிறுவிவிடுங்கள். ஒற்றை டிஎல்எல்லை முகம் தெரியாத தளத்தில் எடுத்துப் போடவே போடாதீர்கள். வைரஸும் கூட வரலாம். காணாமல்போனது மென்பொருளின் சொந்தக் கோப்பு என்றால், ஆன்டிவைரஸ் அதைப் பிடித்து வைத்திருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் மென்பொருளையே மறுபடி நிறுவ வேண்டியதுதான்.