ஒலிவாங்கியும் நடிகனும்: டாமூறே ஸிகாவின் திரைப்பணி

திரைப்படத்தைக் கட்புலக் கலையாகவே கருதிப் பழகிய நாம், ஒலிப்பதிவாளரின் பங்கினைப் பெரும்பாலும் கவனிப்பதில்லை. ஒலிப்பதிவும் நடிப்பும் ஒருவரிடமே சேரும்பொழுது, யாருடைய குரலுக்குத் திரையில் இடமுண்டு என்னும் வினா கூர்மை பெறுகின்றது. பிரெஞ்சு இயக்குநர் ழான் றூஷுடன் ஏறத்தாழ அறுபதாண்டுகள் இணைந்திருந்த, நைஜர் நாட்டவரான டாமூறே ஸிகாவின் பணியை இந்நோக்கில் ஆராய்தல் பயனுடையது.

நைஜர் ஆற்று ஸோர்க்கோ மீனவர் மரபில் வந்த ஸிகா, குடியேற்ற ஆட்சியின் வீதிப் பொறியியலாளராக வந்த றூஷை இரண்டாம் உலகப் போர்க் காலத்திற் சந்தித்தார். 1954இல், இன்றைய கானாவின் தலைநகரான அக்றாவையண்டி 'பித்தேறிய எசமானர்கள்' படமாக்கப்பட்டபோது ஒலியைப் பதிவுசெய்தவர் ஸிகாவே. வெள்ளை ஆளுநரையும் படைத்தலைவரையும் ஆவிகளாகத் தம்மேல் ஏற்று உருவாடிய புலம்பெயர் தொழிலாளரின் சடங்கினை அப்படம் காட்டிற்று. றூஷின் கமரா சாவி முறுக்கி இயக்கப்படுவது. ஒருமுறைக்கு ஏறத்தாழ 25 செக்கன்களே ஓடும். எனவே துண்டுபட்ட காட்சிகளைப் பிணைத்தற்கு ஒலி இன்றியமையாததாயிற்று. ஆயினும் அதன்மேல் ஒலித்த விளக்கவுரை றூஷினுடையதாகும்.

'ஜகுவார்' இந்நிலையினின்றும் வேறுபடுகின்றது. வேலைதேடிக் கடற்கரை நகரங்களுக்குச் செல்லும் மூன்று இளைஞருள் ஒருவராக ஸிகா அதில் நடித்தார். 1954இல் ஒலியின்றி எடுக்கப்பட்ட காட்சிகளை 1957இல் அக்றாவிற் பார்த்தவாறே, அவரும் நண்பர் லாமும் உரையாடலையும் கேலியையும் முன்னாயத்தமின்றிப் பேசிப் பதிவுசெய்தனர். படம் 1967இலேயே வெளிவந்தது. 'சிறிது சிறிதாக' (1970) படத்திலோ, பாரிசுக்குச் செல்லும் ஆபிரிக்க வணிகராகத் தோன்றி, வீதியிற் செல்வோரின் தலைகளை அளந்து, மானிடவியலாளரின் வினாக்களை ஐரோப்பியரிடமே தொடுத்தார். ஆராயப்பட்டவர் ஆராய்பவரானார்.

இதனாற் சமத்துவம் எய்தப்பட்டுவிட்டது எனக் கொள்ளலாமா? 1965இல் நிகழ்ந்த விவாதமொன்றில், செனகல் இயக்குநர் செம்பேன் உஸ்மான், றூஷ் ஆபிரிக்கரைப் பூச்சிகளைப்போல நோக்குவதாகக் குற்றஞ்சாட்டினார். கமரா பெரும்பாலும் றூஷின் கையிலேயே இருந்தமையை நோக்குமிடத்து, இதனை எளிதில் ஒதுக்கிவிட இயலாது. எனினும், 1974இல் வெளிவந்த 'கொக்கரக்கோ! கோழி ஐயா' படத்தின் இயக்குநர் பெயர் 'டலறூ' என்பதாகும். டாமூறே, லாம், றூஷ் ஆகிய மூவரின் பெயர்களினதும் முதலசைகள் சேர்ந்தமைந்தது அது. ஒலிப்பதிவாளராகவும் நடிகராகவும் தொடங்கியவர் ஆக்குநருள் ஒருவராக ஏற்கப்பட இருபது ஆண்டுகள் சென்றன. இயக்குநர் பெயர்களை மட்டும் நிரற்படுத்தும் திரைப்பட வரலாறு இவ்வுழைப்பைக் காணத் தவறும் என்பது மனங்கொள்ளத்தக்கது.