யூஜின் கிறிஸ்தோஃப்

யூஜின் கிறிஸ்தோஃப் (சனவரி 22, 1885 – பெப்ரவரி 1, 1970) பிரான்சு நாட்டைச் சேர்ந்த மிதிவண்டிப் பந்தய வீரர் ஆவார். டூர் டி பிரான்சு பந்தயத்தில் முன்னிலை வீரருக்கு வழங்கப்படும் மஞ்சள் சட்டையை முதன்முதலில் அணிந்தவராக இவர் அறியப்படுகிறார். எனினும் அப்பந்தயத்தை இவர் ஒருமுறையும் வென்றதில்லை. 1913, 1919, 1922 ஆகிய மூன்று பந்தயங்களில் இவரது வண்டியின் முன்கவை முறிந்ததே இவரது பெயரை நிலைக்கச் செய்தது.

தொடக்க காலம்

பாரிசு நகரை ஒட்டிய மாலாகோஃப் என்னும் ஊரைச் சேர்ந்த கிறிஸ்தோஃப், பூட்டுத் தொழில் பயின்றவர். இத்தொழிற்பயிற்சி பின்னாளில் இவருக்குக் கைகொடுத்தது. 1904 இல் தொழில்முறை வீரரானார். 1910 இல் கடும் பனிப்பொழிவுக்கிடையே நடைபெற்ற மிலான் – சான் ரெமோ பந்தயத்தை 12 மணி நேரத்திற்கும் மேலாக ஓட்டி வென்றார். புறப்பட்டவர்களில் விரல் விட்டு எண்ணத்தக்க சிலரே இறுதிவரை வந்து சேர்ந்தனர். குளிரால் பாதிக்கப்பட்ட கிறிஸ்தோஃப் ஏறத்தாழ ஒரு மாதம் மருத்துவமனையில் இருக்க நேர்ந்தது. 1912 ஆம் ஆண்டு டூர் டி பிரான்சில் இரண்டாமிடம் பெற்றார்.

கொல்லன் உலையில்

முன்சக்கரத்தை இருபுறமும் பற்றிக் கைப்பிடியுடன் இணைக்கும் உலோக உறுப்பே முன்கவை. மிதிவண்டிக் கடைகளில் இதனை ஃபோர்க் என்பர். சங்கிலி அறுந்தாலும் வண்டியை உருட்டிக்கொண்டு போகலாம். இது முறிந்தால் உருட்டவும் இயலாது.

1913 இல் பயோன் நகரிலிருந்து லூசோன் வரை நடந்த கட்டத்தின் நீளம் 326 கி.மீ. இது சென்னை – திருச்சி சாலைத் தொலைவை ஒத்தது. இடையில் பிரனீசு மலைத்தொடரின் கணவாய்களும் உண்டு. முன்னணியில் இருந்த கிறிஸ்தோஃப், தூர்மலே கணவாயிலிருந்து இறங்கும்போது முன்கவை முறிந்தது. அக்காலப் பந்தய விதிப்படி, வீரர் தமது வண்டியைத் தாமே பழுது பார்க்க வேண்டும். வேறு வண்டியும் பெறக்கூடாது. எனவே அவர் வண்டியைத் தோளில் சுமந்து, சுமார் 10 கி.மீ. நடந்து சான்ட் மரி டி கம்பான் என்னும் சிற்றூரை அடைந்தார்.

அங்கிருந்த கொல்லுப்பட்டறையில், பந்தய நடுவர்கள் அருகில் நின்று கண்காணிக்க, அவரே இரும்பைக் காய்ச்சி அடித்துக் கவையைப் பொருத்தினார். ஒரு கையில் இரும்பு, மறு கையில் சுத்தியல் என்றிருக்க, துருத்தியை ஊத மூன்றாவது கை இல்லை. ஒரு சிறுவன் ஊதினான். அதற்காக 10 நிமிடத் தண்டனை விதிக்கப்பட்டது. பின்னர் 3 நிமிடமாகக் குறைக்கப்பட்டது. ஏற்கனவே நான்கு மணி நேரம் வரை இழந்துவிட்டவருக்கு இத்தண்டனையால் ஒரு மாற்றமும் நேர்ந்திருக்காது என்பதே இந்நிகழ்வைப் பெரிதும் பேச வைத்தது. அவ்வாண்டு பெல்சிய வீரர் பிலிப் திஸ் வெற்றி பெற்றார்.

மஞ்சள் சட்டை

முதல் உலகப் போருக்குப் பின் 1919 இல் பந்தயம் மீண்டும் நடைபெற்றது. யார் முன்னிலையில் உள்ளார் என்பதை மக்கள் எளிதில் அறிய, சூலை 19 அன்று கிரெனோபிள் நகரில் கிறிஸ்தோஃபுக்கு மஞ்சள் சட்டை அளிக்கப்பட்டது. பந்தயத்தை நடத்திய லோட்டோ நாளிதழ் மஞ்சள் தாளில் அச்சானது. (தமக்கு 1913 இலேயே அத்தகைய சட்டை தரப்பட்டதாகத் திஸ் பின்னாளில் கூறினார்.) வழியில் நின்றவர்கள் மஞ்சள் குருவி எனக் கேலி செய்ததால் கிறிஸ்தோஃப் அதனை விரும்பவில்லை.

இரண்டு கட்டங்களே எஞ்சியிருந்த நிலையில் அவர் 28 நிமிட முன்னிலையில் இருந்தார். மெட்சு – டன்கர்க் இடையிலான 468 கி.மீ. கட்டத்தில், வலென்சியன் நகருக்கு அருகே முன்கவை மீண்டும் முறிந்தது. பழுது பார்க்கவே ஒரு மணி நேரத்துக்கும் மேலானது. ஃபிர்மின் லாம்போ வெல்ல, கிறிஸ்தோஃப் மூன்றாமிடம் பெற்றார். இரக்கமுற்ற மக்கள் திரட்டி அளித்த நன்கொடை 13,000 பிராங்கைத் தாண்டியது.

பிற்காலம்

1920 இல் போர்தோ – பாரிசு, பாரிசு – டூர் ஆகிய பந்தயங்களை வென்றார். 1922 இல் 37 வயதில் மீண்டும் மஞ்சள் சட்டை அணிந்தார். அதனை அணிந்தவர்களுள் மிக மூத்தவர் இவரே. அவ்வாண்டு காலிபியே மலை இறக்கத்தில் மூன்றாம் முறையாக முன்கவை முறிந்தது. 1926 இல் பந்தயங்களிலிருந்து ஓய்வு பெற்றார்.

பந்தய வீரர்கள் மிதிக்கட்டையுடன் காலைப் பிணைக்கப் பயன்படுத்திய டோ கிளிப்புகளும் வார்களும் கிறிஸ்தோஃப் என்ற பெயரிலேயே நெடுங்காலம் விற்பனையாயின. சான்ட் மரி டி கம்பான் பட்டறை இருந்த இடத்தில் 1951 இல் நினைவுப் பலகை ஒன்று பதிக்கப்பட்டது.