நான்கு வயலில் அறுத்தால் ஊர் மகசூல் தெரியுமா?

பயிர் காப்பீட்டுப் பணம் வரும் சமயத்தில் டெல்டா கிராமங்களில் ஒரு புலம்பல் கேட்கும். "என் வயலே மூழ்கிப்போச்சு, எனக்கு ஒண்ணும் வரலை. பக்கத்து ஊருக்கு மட்டும் எப்படி வந்துச்சு?"

பதில், ஐந்து மீட்டர் நீளமும் ஐந்து மீட்டர் அகலமும் உள்ள ஒரு சதுரத்தில் இருக்கிறது.

ஓர் ஊரின் நெல் முழுவதையும் யாரும் எடை போட முடியாது. அதனால் அறுவடையின்போது பெரும்பாலும் நான்கு வயல்களைத் தேர்வு செய்து, ஒவ்வொன்றிலும் 25 சதுர மீட்டரை மட்டும் கயிறு கட்டி அளந்து, அறுத்து, அடித்து, எடை போடுகிறார்கள். இதுதான் பயிர் அறுவடைப் பரிசோதனை.

ஒரு ஹெக்டேர் என்பது 10,000 சதுர மீட்டர். அதாவது இந்தச் சதுரத்தைப்போல 400 மடங்கு. சதுரத்துக்குச் சராசரியாக 11 கிலோ என்றால், ஹெக்டேருக்கு 4,400 கிலோ. அடங்கல்படி ஊரில் 200 ஹெக்டேர் நெல் இருந்தால், மொத்தம் 880 டன்!

சிக்கலும் இந்த 400-ல்தான். பிரதமரின் பயிர் காப்பீட்டுத் திட்டத்தில், முந்தைய ஆண்டுகளின் விளைச்சலை வைத்து ஓர் உத்தரவாத மகசூல் உண்டு. அதற்குக் கீழே எத்தனை சதவிகிதம் குறைகிறதோ, காப்பீட்டுத் தொகையில் அத்தனை சதவிகிதம் இழப்பீடு. உத்தரவாதம் 4,400 கிலோ என்று வைத்துக்கொள்வோம். நான்கு சதுரங்களிலும் சேர்த்து 33 கிலோ கிடைத்தால் 3,300 கிலோ மகசூல். இழப்பீடு 25 சதவிகிதம். அந்த நான்கில் ஒரே ஒரு வயல் செழிப்பாக இருந்து 4 கிலோ கூடுதலாகத் தந்துவிட்டால்? மகசூல் 3,700. இழப்பீடு சுமார் 16 சதவிகிதம். அந்த நாலு கிலோவுக்காக, ஊரில் காப்பீடு செய்த எல்லோருடைய பணமும் குறைகிறது. மூழ்கிய வயல்காரருக்கும் அதே சராசரிதான். அவர் கோபம் நியாயமானதே.

அதனால்தான் ரோட்டோரம் பச்சையாகத் தெரிகிற வயலில் இறங்கி அறுத்துவிடக் கூடாது. எந்த சர்வே எண் என்பதைக் குலுக்கல்போல, சமவாய்ப்பு எண்களை வைத்து முடிவு செய்கிறார்கள். வயலுக்குள் எந்த இடம் என்பதும் அப்படியே. தென்மேற்கு மூலையிலிருந்து எத்தனை அடி நடக்க வேண்டும் என்பதை எண்களே சொல்லும்.

சதுரம் ஏன் இவ்வளவு பெரிது? 1940-களில் புள்ளியியலாளர்கள் மகலனோபிஸும் சுகாத்மேயும் இதற்காகவே மோதிக்கொண்டார்கள். மகலனோபிஸ் சின்னச் சின்னத் துண்டுகளை நிறைய அறுக்கலாம் என்றார். துண்டு சிறுத்தால் ஓரத்துப் பயிர்களின் பங்கு கூடிவிடும், அவற்றை உள்ளே சேர்த்து அறுத்து மகசூலை ஏற்றிக் காட்டிவிடுவார்கள் என்றார் சுகாத்மே. இன்று நெல்லுக்கு 25 சதுர மீட்டர்.

இப்போது செல்போன் செயலியில் இடமும் படமும் பதிவாகின்றன. ஆனால், கயிற்றின் மேல் சாய்ந்து நிற்கும் நெற்குத்து உள்ளேயா வெளியேயா என்பதை அங்கே நிற்பவர்கள்தான் பார்க்க வேண்டும். உங்கள் வயல் தேர்வானால் அன்று அங்கேயே இருங்கள். எடையைக் குறித்துக்கொள்ளுங்கள்.