இலக்கிய ஆராய்ச்சியாளர்க்கு ஏற்ற நிகழ்தகவியல், புள்ளியியல் நூல்கள்

முன்னுரை

ஒரு நூலின் ஆசிரியர் யாவர், அதன் காலம் யாது, ஒரே பெயர் தாங்கிய புலவர் ஒருவரா பலரா என்னும் வினாக்கள் தமிழாராய்ச்சியில் நெடுங்காலமாக எழுந்து வருவன. இவற்றிற்கு விடை காண்போர் சொல்லாட்சியைச் சான்றாகக் கொள்ளுதல் பெருவழக்கு. 'இச்சொல் இப்பாட்டில் வரவில்லை. ஆதலின் இஃது அப்புலவர் பாடியதன்று' என்றும், 'இத்தொடர் இருவர் பாடலிலும் காணப்படுதலின் ஒருவர் மற்றவரைப் பின்பற்றினார்' என்றும் முடிவு கூறுதலை ஆய்வேடுகள் பலவற்றிற் காணலாம். சொற்களை எண்ணிப் பார்த்தல் நன்றே. ஆயினும், எண்ணிக் கண்ட வேறுபாடு புலவரின் இயல்பால் விளைந்ததோ, தற்செயலாய் அமைந்ததோ எனப் பிரித்தறிதற்கு நிகழ்தகவியலும் அதன் வழிப்பட்ட புள்ளியியலும் வேண்டும். அவற்றைக் கல்லாது எண்ணப்புகுவோர் எண்ணிக்கையின் பெயராலேயே பிழை செய்ய நேரும்.

இப்பிழையை யானும் செய்துள்ளேன். ஒரு புலவர் பெயரால் வழங்கும் பாடல்களுள் சிலவற்றை, அவர்தம் பிற பாடல்களில் வரும் ஓர் இடைச்சொல் அவற்றில் இல்லாமை கொண்டு, வேறொருவர் பாடியன என முனைவர் பட்ட ஆய்வேட்டில் எழுதினேன். வாய்மொழித் தேர்வில் தேர்வாளர் ஒருவர், 'அப்பாடல்களில் மொத்தம் எத்தனை சொற்கள் உள? அத்துணைச் சிறு பரப்பில் அவ்விடைச்சொல் வந்தே தீருமென எதிர்பார்க்கலாமோ?' என வினவினார். விடை கூற இயலவில்லை. அவ்வினாவிற்கு விடை தேடி யான் பயின்ற நூல்களுள் இலக்கிய மாணவர்க்குப் பயன்படுவனவற்றை, பயிலும் முறைவைப்போடு எடுத்துரைத்தலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இன்மை சான்றாமோ?

நூல்களைக் கூறுமுன், அவை எதனைக் கற்பிக்கின்றன என்பதை ஓர் எடுத்துக்காட்டால் விளக்குதல் நலம். குறுந்தொகைப் பாடல்கள் பெரும்பாலும் நான்கடி முதல் எட்டடி வரையில் அமைந்தவை. ஆறடிப் பாட்டொன்றில், ஈற்றயலடி முச்சீராய் வருதலின், 23 சீர்கள் உள. கணக்கின் எளிமை கருதிச் சீர் ஒவ்வொன்றையும் ஒரு சொல்லாகக் கொள்வோம். ஒரு புலவர் 200 சொற்களுக்கு ஒருமுறை என்னும் விகிதத்தில் ஓர் இடைச்சொல்லை ஆள்பவர் என்க. ஓரிடத்தில் அச்சொல் வாராதிருக்கும் நிகழ்தகவு 200இல் 199 ஆகும். 23 இடங்களிலும் வாராதிருக்கும் நிகழ்தகவு, 199/200 என்பதனை 23 முறை தன்னொடு தான் பெருக்கக் கிடைக்கும். அஃது ஏறத்தாழ 0.89. அஃதாவது, அப்புலவரே பாடிய ஆறடிப் பாட்டுகள் 100 இருப்பின், அவற்றுள் 89இல் அச்சொல் இராது. இன்மை ஈண்டு எதனையும் காட்டவில்லை என்பது தெளிவு.

அளவு பெருகப் பெருக நிலை மாறும். அத்தகைய பாடல்கள் ஐந்திலும் அச்சொல் இல்லாதிருக்கும் நிகழ்தகவு 0.56, இருபதிலும் இல்லாதிருத்தல் 0.10, நாற்பதிலும் இல்லாதிருத்தல் 0.01. நாற்பது பாடல்களில் ஒருமுறையேனும் வாராத சொல்லைப் பற்றி நாம் ஐயுறலாம்; ஒரு பாட்டில் வாராத சொல்லைப் பற்றி ஐயுறுதற்கு இடமில்லை. என் ஆய்வேட்டின் முடிவு இத்தகைய சிறு பரப்பின்மேல் எழுப்பப்பட்டதே.

எனினும் இக்கணக்கினுள் ஓர் எடுகோள் மறைந்துள்ளது. ஓரிடத்தில் ஒரு சொல் வருதலும் வாராமையும் பிற இடங்களைச் சாராதன என்று கொண்டோம். செய்யுளில் அங்ஙனம் அன்று. 'திமில்' என்னும் சொல் நெய்தற் பாட்டில் வரும். குறிஞ்சிப் பாட்டில் அதனை எதிர்பார்த்தல் பொருந்தாது. ஒருமுறை வந்த சொல் அடுக்கி வருதலும் உண்டு. ஆகவே எடுகோள் எங்குப் பொருந்தும், எங்குப் பொருந்தாது என்னும் அறிவும் உடன் வேண்டும். நல்ல நூல்கள் இவ்விரண்டனையும் கற்பிப்பன.

முன்னோர் நூல்கள்

சூதாட்டமும் எண்ணும் ஒன்றையொன்று சார்ந்தன என்னும் கருத்துப் பழமையானது. பாரதத்துள் வரும் நளன் கதையில், மரத்தின் இலைகளையும் கனிகளையும் பார்வையாலே கணக்கிட்டுரைத்த இருதுபன்னன், அக்கலையையும் சூதின் நுட்பத்தையும் நளனுக்கு அளித்தான் என்று கூறப்படுகின்றது. ஆயினும் கணித நூலாக இத்துறை உருப்பெற்றது ஐரோப்பாவிலேயாம். 1654இல் பாஸ்கல், பெர்மா என்னும் இருவரும் ஆட்டப் பணயத்தைப் பங்கிடுதல் பற்றி எழுதிக்கொண்ட கடிதங்களை அடுத்து, ஹைகன்ஸ் என்பார் 1657இல் ஒரு சிறு நூல் வெளியிட்டார். 14 கூற்றுகளும் இறுதியில் ஐந்து பயிற்சிக் கணக்குகளும் கொண்ட அச்சிறு நூலே அரை நூற்றாண்டுக் காலம் இத்துறையின் பாடநூலாய் விளங்கிற்று.

யாக்கோபு பெர்னூலி அந்நூலுக்கு உரை வகுத்துத் தம் 'ஆர்ஸ் கான்ஜெக்டாண்டி' என்னும் இலத்தீன் நூலின் முதற் பகுதியாக்கினார். மூலத்தைப் போற்றி அதன்மேல் உரை வளர்க்கும் இம்முறை நமக்குப் புதிதன்று. அவர் 1705இல் மறைந்தபின், 1713இல் அந்நூல் அச்சேறிற்று. முயற்சிகளின் எண்ணிக்கை மிகுந்தோறும் காணப்படும் விகிதம் உண்மை நிகழ்தகவை அணுகும் என்னும் பேரெண் விதியை அதன் நான்காம் பகுதி நிறுவியது. மேலே ஒரு பாட்டுக்கும் நாற்பது பாட்டுக்கும் கண்ட வேறுபாட்டுடன் உறவுடைய விதி இதுவே.

அவ்விதியின் இருநூறாம் ஆண்டாகிய 1913இல் உருசியக் கணித அறிஞர் மார்க்கோவ், புஷ்கின் இயற்றிய 'யெவ்கேனி ஒனேகின்' என்னும் செய்யுட் புதினத்தின் முதல் 20,000 எழுத்துகளை எண்ணினார். அவற்றுள் உயிர் 8,638, மெய் 11,362. உயிரை அடுத்து உயிர் வருதல் அரிது. மெய்யை அடுத்து உயிர் வருதல் பெரிது. ஒன்றையொன்று சார்ந்து நிகழும் நிகழ்ச்சிகளை ஆராயும் அவர்தம் கோட்பாட்டிற்கு இச்செய்யுளே எடுத்துக்காட்டாயிற்று. 1933இல் கொல்மொகோரவ் செருமன் மொழியில் வெளியிட்ட சிறு நூல் இத்துறைக்கு அடிக்கோள்களை வகுத்தது. இவற்றை வரலாறு அறிதற்பொருட்டுப் பின்னர்ப் பயிலலாம்; தொடக்கத்திற்கு உரியன வேறு.

பயிலும் முறைவைப்பு

முதற்கண், தமிழ்நாட்டு அரசின் மேல்நிலை வகுப்புகளுக்குரிய புள்ளியியல் பாடநூல்களைக் கூறுவேன். பல்கலைக்கழக மாணவர் இவற்றை எளியன என ஒதுக்குதல் வேண்டா. திட்ட விலக்கம், ஈருறுப்புப் பரவல், பாய்சான் பரவல், இயல்நிலைப் பரவல் முதலிய கலைச்சொற்களைத் தமிழிலேயே கற்றுக்கொள்ள இவை உதவும். ஆய்வேட்டைத் தமிழில் எழுதுவோர்க்கு இச்சொல்வளம் இன்றியமையாதது.

இரண்டாவதாக, பிரீட்மன், பிசானி, பர்வஸ் என்னும் மூவர் 1978இல் வெளியிட்ட 'ஸ்டாட்டிஸ்டிக்ஸ்' என்னும் ஆங்கில நூல். சூத்திரங்கள் குறைந்து விளக்கங்கள் நிறைந்தது. போலியோத் தடுப்பூசி பற்றி 1954இல் அமெரிக்காவில் நிகழ்ந்த பெருஞ் சோதனையைக் கொண்டு தொடங்குகின்றது. தற்செயல் நிகழ்ச்சி அனைத்தையும் ஒரு பெட்டியிலிருந்து சீட்டெடுத்தலாக உருவகித்து விளக்குதல் இதன் தனிச்சிறப்பு. உத்தரமேரூர்க் கல்வெட்டின் குடவோலை முறையை அறிந்த நமக்கு அஃது எளிதில் விளங்கும். மற்றுமோர் அரிய எச்சரிக்கையும் இதனுள் உண்டு. நூற்றுக்கு ஐந்து என்னும் எல்லையை வைத்துக்கொண்டு ஒருவர் 100 சொற்களைச் சோதிப்பாராயின், இரு நூல்களும் ஒருவரே இயற்றியனவாயினும், ஏறத்தாழ ஐந்து சொற்கள் வேறுபாடு காட்டும். அவ்வைந்தனை மட்டும் எடுத்தெழுதி ஏனைத் தொண்ணூற்றைந்தையும் மறைத்தல் ஆராய்ச்சி ஆகாது.

மூன்றாவதாக, பிஷர் 1935இல் எழுதிய சோதனை அமைப்பு பற்றிய நூலின் இரண்டாம் இயல். தேநீரில் முதலில் ஊற்றப்பட்டது பாலோ தேநீரோ எனச் சுவைத்தே கூறவல்லேன் என்ற ஒரு பெண்மணியை எட்டுக் கோப்பைகளால் சோதித்தல் அதன் பொருள். எட்டனுள் நான்கைத் தேர்ந்தெடுக்க 70 வழிகள் உள; ஆதலின் அறியாது கூறி முற்றும் சரியாதல் 70இல் ஒன்றே. எம்முடிவு வரின் எதனை ஏற்போம் என்பதைச் சோதனைக்கு முன்னரே வரையறுத்தல் வேண்டும் என்னும் நெறியைச் சில பக்கங்களில் உணர்த்தும் பகுதி அது.

நான்காவதாக, பெல்லர் 1950இல் வெளியிட்ட நிகழ்தகவியல் நூலின் முதல் தொகுதி. கணிதப் பயிற்சி ஓரளவு வேண்டும். துணைக்கு ஒரு கணித நண்பரும் வேண்டும். ஆயினும் பிறந்தநாட் கணக்கு ஒன்றற்காகவேனும் இதனைத் திறத்தல் தகும். 23 பேர் கூடிய இடத்தில் இருவர்க்கு ஒரே பிறந்தநாள் அமைதல் அமையாமையினும் மிகுந்த நிகழ்தகவுடையது. காரணம், 23 பேரிலிருந்து 253 இணைகள் பெறப்படுதலே. இதனைத் தொடர் ஒப்புமைக்குப் பொருத்திப் பார்க்க. குறுந்தொகையின் 401 பாடல்களிலிருந்து 80,200 இணைகள் பெறப்படும். அத்துணை இணைகளுள் சிலவற்றில் ஒரே தொடர் காணப்படுதல் வியப்பன்று. மரபுத்தொடர்கள் மிக்க சங்கச் செய்யுளில் அஃது இன்னும் எளிது. ஆதலின் ஓர் ஒப்புமை கண்ட அளவிலேயே ஒருவர் மற்றவரைப் பின்பற்றினார் எனத் துணிதல் பிழையாம்.

இலக்கியத்தை அணுகிய நூல்கள்

புள்ளியியல் அறிஞருள் இலக்கியத்திற்கென முழுநூல் இயற்றியோருள் முன்னிற்பவர் யூல். 1911இல் சிறந்த பாடநூல் ஒன்றனை எழுதிய அவர், முதுமையில், 1944இல், இலக்கியச் சொல்வளம் பற்றிய நூலை வெளியிட்டார். 'கிறித்துவைப் பின்பற்றல்' என்னும் இலத்தீன் சமயநூலை இயற்றியவர் தாமஸ் கெம்பிசா, ஜெர்சனா என்பது அவர் எடுத்துக்கொண்ட வினா. பெயர்ச்சொற்களை மட்டும் எண்ணி, கெம்பிசுக்கே அந்நூல் உரியதாதல் பொருந்தும் என்று கண்டார். நூல் நீளுந்தோறும் புதுச்சொல் வருதல் குறையுமாதலின், வேறுபட்ட நீளமுடைய இரு நூல்களின் சொல்வளத்தை நேரே ஒப்பிடுதல் தவறு என்பதும், நீளத்தைச் சாராத ஓர் அளவை வேண்டும் என்பதும் அவர் வற்புறுத்தியவை. ஒரு பாட்டையும் ஒரு காப்பியத்தையும் அருகருகே வைத்துச் சொல்வளம் கூறுவோர் இதனை மனங்கொள்க.

மாஸ்டெல்லர், வாலஸ் என்னும் இருவர் 1964இல் வெளியிட்ட நூல் இத்துறையின் நிறைந்த முன்மாதிரி. 1787, 1788ஆம் ஆண்டுகளில் அமெரிக்காவில் புனைபெயரில் வெளிவந்த 85 'பெடரலிஸ்ட்' கட்டுரைகளுள் 12, ஹாமில்டனுக்கும் மேடிசனுக்கும் இடையே வழக்கிற்கு உரியனவாய் இருந்தன. பொருள் சுட்டும் சொற்களை விடுத்து, எப்பொருளை எழுதினும் வந்தமையும் சிறு சொற்களையே இவர்கள் பெரிதும் எண்ணினர். 'அப்பான்' என்னும் ஆங்கில முன்னிடைச்சொல்லை ஹாமில்டன் ஆயிரம் சொற்களுக்கு ஏறத்தாழ மூன்று முறை ஆள்வார். மேடிசனிடம் அஃது அரிது. பாய்சான் பரவல் சொற்களின் அடுக்கி வரும் இயல்புக்கு முற்றும் பொருந்தாமை கண்டு, வேறொரு பரவலையும் கொண்டு கணித்தனர். பன்னிரண்டும் மேடிசனுக்கே உரியன என்பது அவர்கள் முடிபு. மன், தில், கொல் முதலிய நம் இடைச்சொற்களை ஆராயப் புகுவோர் முதலில் கற்கவேண்டிய நூல் இதுவே.

எல்லை அறிதற்கு ஒரு நிகழ்ச்சியையும் அறிதல் வேண்டும். 1985இல் ஆக்ஸ்போர்டு நூலகத்துச் சுவடியொன்றிலிருந்த 429 சொற்களாலான பாட்டு சேக்சுபியருடையது எனக் கூறப்பட்டது. அவர்தம் நூல்களில் முன் வாராத சொற்கள் அதில் ஏறத்தாழ ஏழு இருக்கும் எனக் கணிக்கப்பட்டது, இருந்தவை ஒன்பது. கணிப்புக்கும் காட்சிக்கும் முரண் இல்லை. ஆயினும் இலக்கிய அறிஞர் பலர் அப்பாட்டைச் சேக்சுபியருடையதென ஏற்கவில்லை. 'மாறாக இல்லை' என்பதற்கும் 'நிறுவப்பட்டது' என்பதற்கும் உள்ள வேறுபாட்டிற்கு இஃது ஏற்ற சான்று. இந்தியப் புள்ளியியல் மேதை சி. ஆர். ராவ் (1920–2023) 1989இல் வெளியிட்ட 'ஸ்டாட்டிஸ்டிக்ஸ் அண்ட் ட்ரூத்' என்னும் நூலில் இப்பாட்டின் செய்தியை எளிமையாக விளக்கியுள்ளார். கணிதம் அஞ்சுவோரும் படிக்கத்தக்க நூல் அது. மேற்செல்ல விழைவோர் பாயென் 2001இல் எழுதிய சொல்நிகழ்வெண் பரவல் பற்றிய நூலைக் கற்பாராக.

முடிவுரை

இந்நூல்கள் அனைத்தையும் கற்றுத் தேறிய பின்னரே ஒருவர் சொல்லெண்ணிக்கையில் இறங்குதல் வேண்டும் என்பது என் கருத்தன்று. முதலிரண்டனையும் பிஷரின் ஓர் இயலையும் ஓராண்டில் முடிக்கலாம். அத்துணைக் கல்வியே, பாட்டின் நீளம் யாது, எத்தனை சொற்கள் சோதிக்கப்பட்டன, எடுகோள் செய்யுளுக்குப் பொருந்துமா என்னும் மூன்று வினாக்களைத் தம் ஆய்வினை நோக்கித் தாமே எழுப்பும் ஆற்றலைத் தரும். நிகழ்தகவியல் தொடர்நயமும் திணைமரபும் உணர்ந்த புலமைக்கு மாற்றாகாது. 'திமில்' எத்திணைச் சொல் என்பதை அது கூறாது. ஒரு புலவரின் பாடலை அவரிடமிருந்து பறித்துப் பிறர்க்கு உரிமையாக்குதல் சிறு செயலன்று. அதனைச் செய்யுமுன், தற்செயல் அத்துணை வேறுபாட்டைத் தானே விளைத்திருக்கக் கூடுமோ என எண்ணிப் பார்த்தல் ஆராய்ச்சியாளர் கடனாகும். என் ஆய்வேட்டின் அவ்வியலை நீக்கிய பின்னரே யான் அதனை அச்சிற்குக் கொடுத்தேன்.