மலையைத் தாண்டலாம், தெருவைத் தாண்டக் கூடாதா?

ராசிபுரத்துப் பக்கம் ஒரு தோட்டத்து வீடு. மரவள்ளி போட்ட நிலம் இருக்கிறது; கிணறு இருக்கிறது; கோழிப் பண்ணை இருக்கிறது. பையன் ரிக் வண்டியோடு வடநாடு சுற்றி நாலு காசு சேர்த்திருக்கிறான். எல்லாம் இருந்தும் வீட்டுக்கு ஒரு மருமகள் இல்லை. வயதோ முப்பத்திரண்டு ஆகிவிட்டது. தரகர் வருகிறார், காப்பி குடிக்கிறார், ஜாதகக் கட்டைப் பிரிக்கிறார், "இந்தப் பக்கம் பொண்ணு கெடைக்கிறது சிரமமுங்க" என்று சொல்லிவிட்டு, பஸ் செலவுக்கு வாங்கிக்கொண்டு போகிறார். கடைசியிலே குடும்பமே வேன் பிடித்துப் பெண் பார்க்கப் புறப்படுகிறது. எங்கே? பக்கத்து ஊருக்கல்ல, பக்கத்துத் தாலுக்காவுக்கல்ல. வாளையாறு தாண்டி, கேரளத்துப் பாலக்காட்டுப் பக்கம்!

இது ஒரு வீட்டின் கதையல்ல, தோழர்களே! சேலம், நாமக்கல், ஈரோட்டுச் சமவெளியிலே பல வீடுகளின் நிலை இது. பேசும் மொழி வேறு. உண்ணும் உணவு வேறு. வளர்ந்த விதம் வேறு. இருந்தாலும் பெண் எடுக்கிறார்கள். கல்யாணச் செலவைக்கூட மாப்பிள்ளை வீட்டாரே ஏற்கிறார்கள். எடுக்கட்டும், நன்றாக வாழட்டும்! நாம் குறை சொல்லவில்லை. ஆனால் ஒன்றைக் கவனித்தீர்களா? உள்ளூரிலே கூட்டம் பார்த்து, குலதெய்வம் பார்த்து, நட்சத்திரம் பார்த்து, பத்துப் பொருத்தமும் பார்த்தவர்கள், மலையைத் தாண்டியதும் இவற்றில் பாதியைப் பார்ப்பதில்லை. பல வீடுகளிலே சாதியைக்கூட அழுத்திக் கேட்பதில்லை. ஆண்டாண்டு காலமாக அசைக்க முடியாதது என்றார்களே, அந்தச் சாதி, ஒரு வேன் பயணத்திலே கரைந்துபோகிறது!

இனி இதே சமவெளியிலே இன்னொரு காட்சி.

2015ஆம் ஆண்டு ஜூன் 23ஆம் நாள். திருச்செங்கோட்டு மலை. ஆண் பாதி, பெண் பாதி என்று உருவம் கொண்ட அர்த்தநாரீசுவரர் கோயில் கொண்டிருக்கும் மலை. அந்தக் கோயிலுக்கு வந்தார் ஓமலூரைச் சேர்ந்த கோகுல்ராஜ் என்ற பொறியியல் பட்டதாரி. தாழ்த்தப்பட்ட குடும்பத்துப் பிள்ளை. உடன் படித்த பெண்ணொருத்தியோடு அங்கே பேசிக்கொண்டிருந்தார். அவ்வளவுதான் அவர் செய்த 'குற்றம்'. அன்றே கடத்திச் செல்லப்பட்டார். மறுநாள் பள்ளிப்பாளையம் அருகே இரயில் பாதையிலே பிணமாகக் கிடந்தார்! 2022 மார்ச் மாதம் மதுரை சிறப்பு நீதிமன்றம் 10 பேருக்கு ஆயுள் தண்டனை விதித்தது. 2023 ஜூன் மாதம் உயர் நீதிமன்றம் முதன்மைக் குற்றவாளியின் தண்டனையை உறுதி செய்தது.

இரண்டு காட்சிகளையும் பக்கத்திலே பக்கத்திலே வைத்துப் பாருங்கள். மலையைத் தாண்டிப் பெண் கொண்டு வந்தால் மேளம் கொட்டுகிறது. தெருவைத் தாண்டி ஒரு பெண்ணோடு பேசினால் உயிர் போகிறது. சாதி என்பது இரத்தத்திலே இருப்பதானால் வாளையாற்றிலே அது எப்படிக் கரைந்தது? சாஸ்திரத்திலே இருப்பதானால், பாலக்காட்டுக்கு மட்டும் அந்தச் சாஸ்திரம் செல்லாதா? இல்லை, தோழர்களே! வசதிப்பட்டால் அவிழ்க்கவும், வசதிப்பட்டால் இறுக்கவும் கூடிய கயிறு அது. அந்தக் கயிற்றின் ஒரு முனை தாலியிலே இருக்கிறது. மறுமுனை சிலர் கழுத்துக்குத் தூக்காகிறது.

"அப்படியானால், பெற்றோர் பார்த்து முடிக்கும் கல்யாணமே தவறு என்கிறாயா?" என்று கேட்பீர்கள். இல்லை. மகனுக்குப் பெண் தேடுவதும், மகளுக்கு மாப்பிள்ளை விசாரிப்பதும் குற்றமல்ல. பட்டறையிலே பன்னிரண்டு மணி நேரம் நிற்கிற தொழிலாளிக்கு, பெண்ணைத் தேடி அலைய நேரமேது? தாயும் தந்தையும், மாமனும் அத்தையும் விசாரிக்கிறார்கள். பையன் குடிகாரனா, பெண்ணுக்கு இதிலே இஷ்டமா என்று பார்க்கிறார்கள். நாளைக்குப் பிள்ளைப்பேறு வந்தால் வந்து நிற்பது அவர்கள்தான். வேலை போனால் ஒரு மூட்டை அரிசி அனுப்புவதும் அவர்கள்தான். ஏழைக்கு இன்ஷூரன்ஸ் கம்பெனி சொந்தபந்தம்தான். இதை நாம் மறுக்கவில்லை.

நாம் மறுப்பது இரண்டை: ஒன்று வேலி, மற்றொன்று விலை. பெற்றோர் பார்த்த திருமணத்துக்குள்ளே இந்த இரண்டும் நுழைந்து உட்கார்ந்துகொண்டன. வேலி என்பது சாதி. விலை என்பது வரதட்சணை. வேலி குறுகக் குறுக விலை ஏறும். சந்தைக்குப் போகிறவனுக்குத் தெரியும் இந்தக் கணக்கு. இந்தச் சாதி, இந்தக் கூட்டம், இந்த நட்சத்திரம் என்று சுருக்கிக்கொண்டே போனால், மிஞ்சுகிற நாலு மாப்பிள்ளைக்கு நாற்பது பேர் போட்டி. ஏலம் ஏறாமல் என்ன செய்யும்?

இன்னொரு வேடிக்கை. நம் தமிழ்நாட்டிலே பல சாதிகளிடையே பழைய வழக்கம் பரிசம் போடுவது. அதாவது, மாப்பிள்ளை வீட்டார் பெண் வீட்டுக்குக் கொடுத்துப் பெண் அழைப்பது. உழைக்கும் குடும்பத்திலே பெண் ஓர் உழைப்பாளி. அவள் போனால் அந்த வீட்டுக்கு நட்டம் என்ற கணக்கு அது. பையன்கள் படித்து, சம்பளம் வாங்கி, லாரிக்கும் ஆலைக்கும் முதலாளியாகத் தொடங்கியதும் கணக்குத் தலைகீழாயிற்று. பரிசம் போய் வரதட்சணை வந்தது. 1961லேயே வரதட்சணைத் தடைச் சட்டம் வந்தது. சட்டம் புத்தகத்திலே இருந்தது. சவரன் கணக்கு மணப்பந்தலிலே இருந்தது!

விளைவைப் பாருங்கள். பள்ளிப்பாளையம், குமாரபாளையம் விசைத்தறிகளிலே மகள் கல்யாணத்துக்கென்று முதலாளியிடம் முன்பணம் வாங்கிய நெசவாளி, அதை அடைக்க முடியாமல் ஆண்டுக்கணக்கில் அதே தறியிலே கட்டுண்டு கிடந்தான். கொங்குச் சீமையின் நூற்பாலைகள் பலவற்றில் 'சுமங்கலித் திட்டம்' என்று ஒன்று நடந்தது. பெயர் மங்கலமானது. ஏழை வீட்டுப் பெண் மூன்றாண்டு ஆலை விடுதியிலே அடைந்து கிடந்து நூல் நூற்க வேண்டும். முடிவிலே ஒரு தொகை கையில் கிடைக்கும். அதைக் கொண்டுபோய் வரதட்சணையாகக் கொடுக்க வேண்டும். தன்னை வாங்குகிறவனுக்குத் தானே உழைத்துப் பணம் கொடுக்கிற அதிசயத்தை வேறெங்கே கண்டீர்கள்?

இதைவிடக் கொடியது ஒன்று உண்டு. சொல்ல நாக்கூசுகிறது, ஆனாலும் சொல்லித்தான் ஆக வேண்டும். மகள் பிறந்தால் சவரன் சேர்க்க வேண்டுமே என்ற பயத்திலே, பிறந்த பெண் குழந்தையின் வாயிலே கள்ளிப்பால் ஊற்றினார்கள். நெல்மணியைப் போட்டார்கள். பிறகு ஸ்கேன் வந்தது; பிறக்கும் முன்பே அழித்தார்கள். 1992ஆம் ஆண்டு தமிழக அரசு தொட்டில் குழந்தைத் திட்டத்தைத் தொடங்கியது. எங்கே தொடங்கியது? நம் சேலம் மாவட்டத்திலே! கொல்ல வேண்டாம், தொட்டிலிலே போட்டுவிட்டுப் போ என்று ஓர் அரசாங்கம் தாயிடம் கெஞ்ச வேண்டிய நிலை.

2001ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கு என்ன சொன்னது? சேலம் மாவட்டத்திலே ஆறு வயதுக்கு உட்பட்ட ஆண் குழந்தைகள் 1,000 பேருக்குப் பெண் குழந்தைகள் 851 பேர். தமிழ்நாடு முழுவதற்கும் கணக்கு 942. இயற்கை விட்டபடி விட்டால் ஏறத்தாழ 950 இருக்க வேண்டும். ஆயிரத்துக்கு நூறு பெண்கள் எங்கே போனார்கள்? அந்தக் கணக்கிலே எண்ணப்பட்ட ஆண் குழந்தைகள்தாம் இன்று மாப்பிள்ளைக் கோலத்துக்குக் காத்திருக்கும் வாலிபர்கள். அன்று இல்லாமல் ஆக்கிய பெண்ணைத்தான் இன்று வேன் பிடித்துத் தேடுகிறோம்!

பெண்கள் படித்துவிட்டார்கள், விவசாயி வேண்டாம், லாரிக்காரர் வேண்டாம், மாதச் சம்பளக்காரர்தான் வேண்டும் என்கிறார்கள் என்று சிலர் பெண்கள்மேல் பழி போடுகிறார்கள். அதிலும் ஓரளவு உண்மை உண்டு. கேட்கட்டுமே! இத்தனை காலம் ஆண் கேட்டான். இப்போது பெண் கேட்கிறாள். ஆனால் பிறந்தவள் கேட்பதைக் குறை சொல்லுமுன், பிறக்கவே விடாத கணக்கைப் பார்க்க வேண்டாமா? சேலத்துப் பட்டறைகளிலே நம் தோழர்கள் செய்கிற வெள்ளிக் கொலுசு ஊரூராகப் போகிறது. யார் யார் வீட்டுப் பெண் குழந்தைகளின் காலிலோ கலகலக்கிறது. கொலுசு செய்த ஊரிலே கொலுசு போடக் கால் குறைந்தது. இதைவிட வெட்கம் வேறுண்டா?

இது நம் ஊருக்கு மட்டும் வந்த வியாதியா? உலகத்தையும் ஒருமுறை பார்ப்போம். ஜப்பானிலே நடுவர் வைத்துப் பெண் பார்க்கும் வழக்கம் ஊறிப்போயிருந்தது. 1947இல் நடப்புக்கு வந்த அரசியல் சட்டம், ஆண் பெண் இருவரின் சம்மதம் ஒன்றே திருமணத்துக்கு அடிப்படை என்று எழுதிவைத்தது. இருபதாண்டுகள் கழிந்தன, 1960களின் பிற்பகுதியில், தாமே தேர்ந்து மணந்தவர்களின் தொகை, பெரியோர் பார்த்து மணந்தவர்களின் தொகையை முந்திவிட்டது. குடும்பம் அழிந்துவிட்டதா? ஜப்பான் மூழ்கிவிட்டதா?

சீனத்திலே 1950ஆம் ஆண்டுத் திருமணச் சட்டம் கட்டாயக் கல்யாணத்தை ஒழித்தது, நல்லது. ஆனால் 1980 முதல் 2015 வரை ஒரு குழந்தைத் திட்டம் நடந்தது. அந்த ஒன்று ஆணாக இருக்கட்டும் என்று பெண் சிசுவை அழித்தவர்கள் பலர். இன்று அங்கே கிராமத்து வாலிபனுக்குப் பெண் இல்லை; பெண் வீட்டாருக்குக் கொடுக்கும் பணம் வானத்தைத் தொடுகிறது; வியட்நாமிலிருந்தும் பெண் வருகிறாள். தென்கொரியக் கிராமங்களிலும் இதே நிலை. நாடு வேறானாலும் பாடம் ஒன்றுதான்: பெண்ணைப் பாரம் என்று நினைத்த ஊர், பின்னாலே பெண்ணுக்காகப் பரதேசம் போகும்!

மருந்து நம்மிடம் இல்லையா? இருக்கிறது; நெடுநாளாக இருக்கிறது. 1928இல் அருப்புக்கோட்டை அருகே சுக்கிலநத்தத்தில் பெரியார் முன்னிலையில் சுயமரியாதைத் திருமணம் நடந்தது. 1929இல் செங்கற்பட்டு மாநாடு, பெண்ணுக்குச் சொத்துரிமையும் துணையைத் தேர்ந்துகொள்ளும் உரிமையும் வேண்டுமென்று தீர்மானம் போட்டது. உலக நாடுகளின் மனித உரிமைப் பிரகடனம் இருவரின் முழுச் சம்மதம் வேண்டுமென்று எழுதியது 1948இல். செங்கற்பட்டு அதற்குப் பத்தொன்பது ஆண்டு மூத்தது! 1953இல் சென்னை உயர் நீதிமன்றம் இத்தகைய திருமணம் சட்டப்படி செல்லாது என்று தீர்ப்பளித்தது. சோர்ந்துவிட்டார்களா நம்மவர்கள்? 1967இல் அண்ணா ஆட்சிக்கு வந்ததும் இந்து திருமணச் சட்டத்திலே 7ஏ என்ற பிரிவைச் சேர்த்தார். புரோகிதர் வேண்டாம், ஓமம் வேண்டாம். உறவினரோ நண்பரோ வேறு எவரோ முன்னிலையில், இருவருக்கும் புரியும் மொழியிலே இவரைத் துணையாக ஏற்கிறேன் என்று சொல்லலாம். அல்லது மாலை மாற்றலாம், மோதிரம் அணிவிக்கலாம், தாலி கட்டலாம். போதும், திருமணம் முடிந்தது. 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றமும் இதை மீண்டும் உறுதி செய்தது. ஊரைக் கூட்டிப் பறைசாற்ற வேண்டும் என்று இந்தச் சட்டம் கேட்கவில்லை என்றது. 1954ஆம் ஆண்டுத் தனித் திருமணச் சட்டப்படி 30 நாள் நோட்டீஸ் ஒட்ட வேண்டும். அந்த நோட்டீஸைப் பார்த்து அரிவாள் தீட்டுகிறவர்கள் உண்டு. 7ஏ பிரிவிலே அந்த ஆபத்து இல்லை.

சொத்திலே பெண்ணுக்குச் சம பங்கு 1989லேயே தமிழ்நாட்டில் வந்தது. டில்லிக்கு அந்த ஞானம் பிறக்க 2005 ஆயிற்று. 2018இல் உச்ச நீதிமன்றம், மணமக்களை மிரட்டும் கும்பல்களிடமிருந்து அவர்களைக் காக்க மாவட்டந்தோறும் தனிப்பிரிவும் பாதுகாப்பு இல்லமும் வேண்டுமென்று கட்டளையிட்டது. சட்டம் இருக்கிறது, தீர்ப்பு இருக்கிறது. இல்லாதது எது? நம் வீட்டுக்குள்ளே துணிவு!

மேடையிலே சாதி ஒழிப்புப் பேசுகிறோம். கைதட்டல் வாங்குகிறோம். வீட்டுக்குப் போய் மகனுக்குப் பெண் பார்க்கும்போது தரகரிடம் முதலிலே என்ன கேட்கிறோம்? "நம்ம ஆளுங்கதானே?" இந்தக் கேள்வியைக் கேட்ட வாயால் நாளைக்குக் கோகுல்ராஜுக்காக எப்படிக் கண்டன முழக்கம் எழுப்புவது? கத்தி எடுத்தவன் பத்துப் பேர். அந்தக் கத்திக்குச் சாணை பிடித்தது, 'நம்ம ஆளுங்க' என்ற அந்தச் சொல் அல்லவா?

ஆகவே, தோழர்களே, பெரிய தியாகம் எதுவும் கேட்கவில்லை. வீட்டிலே கல்யாணப் பேச்சு எடுத்தால் மூன்று காரியம் செய்யுங்கள். முதலாவது, பெண்ணைத் தனியே உட்காரவைத்து அவள் சம்மதத்தைக் கேளுங்கள். அவள் 'வேண்டாம்' என்றால் அத்தோடு நிறுத்துங்கள். இரண்டாவது, சவரன் பேச்சு எடுத்தால் எழுந்து வந்துவிடுங்கள். அந்தப் பணத்திலே அவளைப் படிக்கவையுங்கள். மூன்றாவது, தரகரிடம் சாதியைச் சொல்லாதீர்கள். பையன் குணத்தைச் சொல்லுங்கள், தொழிலைச் சொல்லுங்கள், போதும். ஊரிலே இரண்டு பேர் தாமே விரும்பி மணக்க வந்தால், கிளைச் செயலாளர் வீட்டுக் கதவு அவர்களுக்கு முதலிலே திறக்கட்டும்.

பாலக்காட்டிலிருந்து வந்த மருமகள் இன்று ராசிபுரத்துத் தோட்டத்திலே கோழிக்குத் தீனி போடுகிறாள். மாமியாருக்கு மருந்து எடுத்துக் கொடுக்கிறாள். அவள் பிள்ளை தமிழ் பேசுகிறது. வானம் இடிந்து விழவில்லை. மலைக்கு அப்பாலிருந்து வந்தவள் நம் வீட்டுப் பெண்ணாக முடியுமானால், தெருவுக்கு அப்பால் இருக்கிறவள் ஏன் ஆகக் கூடாது?

நெஞ்சிலே கை வைத்து விடை சொல்லுங்கள்!