வாங்குமுன் பொருத்தம் பார்ப்போம்!

(பத்தாம் வகுப்பு, 'ஆ' பிரிவு)

வளையல் வாங்கும்போது கையின் அளவைப் பார்க்கிறோம். சேலைக்கு ரவிக்கைத் துணி எடுக்கும்போது சேலையையே கடைக்கு எடுத்துச் சென்று நிறத்தை ஒப்பிட்டுப் பார்க்கிறோம். பிரஷர் குக்கருக்கு ரப்பர் வளையம் வாங்கச் செல்லும் அம்மா, பழைய வளையத்தைப் பையில் போட்டுக்கொண்டுதான் செல்கிறார்கள். ஐந்து லிட்டர் குக்கரின் வளையம் மூன்று லிட்டர் குக்கருக்குப் பொருந்தாது என்பது அனுபவம் கற்றுத் தந்த பாடம். ஆனால், அந்த வளையத்தைவிடப் பல மடங்கு விலையுள்ள வீடியோ விளையாட்டை வாங்கும்போது மட்டும், அட்டையில் உள்ள வண்ணப் படத்தைப் பார்த்ததும் பணத்தை எடுத்து நீட்டிவிடுகிறோம். 'இது நம் வீட்டிலுள்ள கருவியில் ஓடுமா?' என்ற ஒரு கேள்வியைக் கேட்க மறந்துவிடுகிறோம்.

'விளையாட்டுத்தானே, இதற்கு ஒரு கட்டுரையா?' என்று சிலர் எண்ணலாம். புதிய விளையாட்டு ஒன்றின் விலை இன்று 5,000 ரூபாயை நெருங்குகிறது. அது பல குடும்பங்களில் ஒரு மாத மளிகைச் செலவு. ஆகவே, பெற்றோரும் மாணவியரும் சேர்ந்து அறிந்துகொள்ள வேண்டிய செய்தி இது என்று கருதி எழுதுகிறேன்.

ஏன் பொருந்துவதில்லை?

திரைப்படக் குறுந்தகடு எந்தக் கம்பெனி பிளேயரிலும் ஓடுகிறதே, விளையாட்டு மட்டும் ஏன் ஓடுவதில்லை? திரைப்படம் என்பது முன்பே எடுத்து முடித்த காட்சி. பிளேயர் அதைத் திருப்பிக் காட்டினால் போதும். விளையாட்டோ அப்படியன்று. நாம் பொத்தானை அழுத்துகிற ஒவ்வொரு கணமும் கருவி கணக்கிட்டு, புதிய காட்சியை அப்போதே வரைகிறது. அந்த வேலையைச் செய்வது கருவியின் மூளையாகிய பிராசசர். அது தனக்கெனக் கட்டளைகளின் மொழி ஒன்றை உடையது. ஒரு பிராசசரின் மொழியில் எழுதிய விளையாட்டு, வேறு மொழி பேசும் பிராசசருக்கு விளங்காது. தமிழ் மட்டுமே அறிந்தவரிடம் ஜப்பானிய மொழிக் கடிதத்தைக் கொடுத்ததைப் போன்ற நிலைதான் அது.

மொழி ஒன்றாக இருந்தாலும், தன் கருவியில் பிறர் தகடு ஓடக் கூடாது என்று கம்பெனிகளே பூட்டுப் போடுவதும் உண்டு. இது நேற்று இன்று தோன்றிய வழக்கமன்று.

சிறிது வரலாறு

தொலைக்காட்சிப் பெட்டியுடன் இணைத்து விளையாடும் முதல் வீட்டுக் கருவியாகிய 'மேக்னவாக்ஸ் ஒடிசி' 1972ஆம் ஆண்டு அமெரிக்காவில் விற்பனைக்கு வந்தது. 1977இல் வந்த 'அடாரி' கருவி, கார்ட்ரிட்ஜ் என்னும் செருகுபெட்டிகளை மாற்றி மாற்றிப் பல விளையாட்டுகளை ஆடும் முறையை வீடுதோறும் பரப்பியது. போட்டிக் கம்பெனிகளும் தத்தம் கருவிகளுடன் வந்தன. ஒன்றின் செருகுபெட்டி மற்றொன்றில் நுழையவில்லை. 1982இல் வந்த 'கோலிகோவிஷன்' கருவிக்கு, அடாரி விளையாட்டுகளையும் ஆட உதவும் ஓர் இணைப்புப் பெட்டியைத் தனியாகவே விற்றார்கள் என்றால், மக்கள் பட்ட சங்கடம் நமக்கு விளங்கும்.

ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் 1983இல் தன் நாட்டில் வெளியிட்ட 'ஃபேமிகாம்' கருவியின் செருகுபெட்டிக்கு 60 முனைகள். அதே நிறுவனம் 1985இல் அமெரிக்காவுக்கு அனுப்பிய கருவிக்கோ 72 முனைகள். அதனுள் ஒரு பூட்டுச் சில்லும் இருந்தது. தாய் ஒருத்தியே ஆயினும் பிள்ளைகள் இருவரும் ஒருவர் உணவை மற்றவர் உண்ணவில்லை!

இன்றைய குடும்பங்கள்

இன்று வீட்டுக் கருவிகளில் மூன்று பெரிய குடும்பங்கள் உள்ளன. சோனியின் பிளேஸ்டேஷன், மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ், நிண்டெண்டோவின் ஸ்விட்ச் என்பன அவை. இவற்றோடு கணிப்பொறியும் கைப்பேசியும் சேர்ந்தால் ஐந்து. ஒரே பெயருள்ள விளையாட்டை இந்த ஐந்துக்கும் தனித்தனியாகத் தயாரித்து விற்கலாம். சில விளையாட்டுகள் ஒரு குடும்பத்திற்கு மட்டுமே கிடைக்கும். 'ஃபோர்சா ஹொரைசன் 5' என்னும் கார்ப் பந்தய விளையாட்டு 2021இல் எக்ஸ்பாக்ஸுக்கும் கணிப்பொறிக்கும் மட்டுமே வந்தது. பிளேஸ்டேஷன் 5 வைத்திருந்தோர் 2025 வரை காத்திருக்க நேர்ந்தது.

குடும்பம் ஒன்றாக இருந்தால் மட்டும் போதாது. தலைமுறையையும் பார்க்க வேண்டும். பிளேஸ்டேஷன் 2 கருவி, முதல் பிளேஸ்டேஷனின் தகடுகளை ஏற்றுக்கொண்டது. பிளேஸ்டேஷன் 3இன் தொடக்க கால மாதிரிகள் சில, இரண்டாவதன் தகடுகளை ஏற்றன. பின்னர் வந்த மாதிரிகள் ஏற்கவில்லை. மூன்றாவதில் 'செல்' என்னும் தனிவகைப் பிராசசர் இருந்தது. நான்காவதிலும் ஐந்தாவதிலும் இருப்பவை சாதாரணக் கணிப்பொறியில் உள்ள வகையைச் சேர்ந்தவை. இதனால்தான் பிளேஸ்டேஷன் 5, நான்காவதன் விளையாட்டுகளில் மிகப் பெரும்பாலானவற்றை ஓட்டுகிறது. மூன்றாவதன் தகட்டைத் தொடுவதில்லை.

இங்கே ஒரு விதியை நினைவில் கொள்ளலாம். புதிய கருவி பழைய விளையாட்டை ஏற்றாலும் ஏற்கும். பழைய கருவி புதிய விளையாட்டை ஏற்காது. 2025 ஜூன் மாதம் வந்த ஸ்விட்ச் 2, பழைய ஸ்விட்சின் விளையாட்டுகளில் பெரும்பாலானவற்றை ஏற்கிறது. ஸ்விட்ச் 2க்கென்று செய்த விளையாட்டு, 2017இல் வந்த பழைய ஸ்விட்சில் ஓடாது.

கண்ணாடி அலமாரியில் ஒரு பரிசு

எங்கள் உறவினர் வீட்டில் நடந்த செய்தி ஒன்றைக் கூறுகிறேன். ஒன்பது வயதுச் சிறுவன் ஒருவன் புதுநன்மை வாங்கினான். வளைகுடா நாட்டில் வேலை செய்யும் அவன் தாய்மாமன், ஊருக்கு வந்த நண்பர் ஒருவரிடம் பரிசு கொடுத்தனுப்பினார். பிரித்துப் பார்த்தால் பிளேஸ்டேஷன் 5இன் விளையாட்டுத் தகடு. வீட்டில் இருந்ததோ பிளேஸ்டேஷன் 4. இரண்டின் உறைகளும் நீல நிறமே. ஐந்தாவதன் உறையின் மேற்பகுதியில் ஒரு வெள்ளைப் பட்டை உண்டு, அவ்வளவுதான் வேற்றுமை.

அன்று இரவு மாமா தொலைபேசியில் அழைத்து, "விளையாடிப் பார்த்தாயா?" என்று ஆவலோடு கேட்டார். சிறுவன் ஒரு கணம் தன் அம்மாவின் முகத்தைப் பார்த்தான். பிறகு, "ரொம்ப நல்லா இருக்கு மாமா" என்றான். வெயிலில் நின்று சம்பாதித்த பணத்தில் மாமா வாங்கியது என்பது அவனுக்குத் தெரியும். தகடு இன்றும் கண்ணாடி அலமாரியில் இருக்கிறது. அவன் சொன்னது பொய் என்று அவனைக் கடிந்துகொள்ள யாருக்கும் மனம் வரவில்லை. வாங்குவதற்கு முன் ஒரே ஒரு கேள்வி கேட்டிருந்தால், மாமாவின் பணமும் வீணாகியிருக்காது. பிள்ளைக்கும் அந்தப் பொய் தேவைப்பட்டிருக்காது.

பார்க்க வேண்டிய பொருத்தங்கள்

முதலாவது, கருவியின் முழுப் பெயர். 'பிளேஸ்டேஷன்' என்றோ 'எக்ஸ்பாக்ஸ்' என்றோ சொன்னால் போதாது. எண்ணையும் எழுத்தையும் சேர்த்துக் குறித்துக்கொள்ள வேண்டும். கருவியின் பின்புறமோ அடிப்புறமோ ஒட்டியுள்ள சீட்டில் மாதிரி எண் இருக்கும். விளையாட்டின் உறையிலும் எந்தக் கருவிக்கு உரியது என்று அச்சிட்டிருப்பார்கள். இரண்டையும் ஒப்பிட வேண்டும்.

இரண்டாவது, தகடு போடும் வாய். எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எஸ் கருவியில் தகடு போட இடமே இல்லை. பிளேஸ்டேஷன் 5இன் டிஜிட்டல் மாதிரியும் தகட்டு வாய் இல்லாமலே விற்கப்படுகிறது. இவற்றை வாங்கியபடியே வைத்திருப்போர் விளையாட்டை இணையம் வழியாகவே இறக்கிக்கொள்ள வேண்டும். அவர்களுக்குத் தகடு வாங்கித் தருவது, சன்னல் இல்லாத வீட்டுக்குத் திரைச்சீலை வாங்கித் தருவதைப் போன்றது.

மூன்றாவது, இடமும் இணையமும். இக்காலத்துப் பெரிய விளையாட்டுகள் சில 100 ஜிபிக்கும் மேலான இடத்தை அடைத்துக்கொள்கின்றன. ஸ்விட்ச் 2க்கு விற்கும் அட்டைகள் சிலவற்றில் விளையாட்டே இருப்பதில்லை. அதைத் திறக்கும் சாவி மட்டுமே இருக்கும். விளையாட்டை இணையத்திலிருந்து இறக்க வேண்டும். உறையின் மேலேயே இதைக் குறிப்பிட்டிருக்கிறார்கள். கைப்பேசியின் அன்றாட டேட்டாவை மட்டுமே நம்பியிருக்கும் வீட்டினர் இதைக் கட்டாயம் கவனிக்க வேண்டும்.

நான்காவது, கணக்கும் நாடும். தகட்டுக்குப் பதிலாக எண் குறியீடு அச்சிட்ட பரிசு அட்டைகளும் விற்கின்றன. ஒரு நாட்டில் வாங்கிய பிளேஸ்டேஷன் பரிசு அட்டை, வேறு நாட்டில் பதிவு செய்த கணக்கில் ஏறாது. துபாயில் வாங்கிய அட்டை இந்தியக் கணக்குக்குப் பயன்படாது. அயல்நாட்டில் உள்ள உறவினரிடம் இதை முன்கூட்டியே சொல்லிவிடுவது நல்லது.

ஐந்தாவது, துணைக்கருவிகள். பிளேஸ்டேஷன் 4இன் கைப்பிடியைப் பிளேஸ்டேஷன் 5இல் இணைக்கலாம். ஆனால் அதைக் கொண்டு நான்காவதன் விளையாட்டுகளைத்தான் ஆட முடியும். 'கினெக்ட்' என்னும் கேமரா இல்லாமல் ஆட முடியாத பழைய எக்ஸ்பாக்ஸ் விளையாட்டுகள் புதிய எக்ஸ்பாக்ஸில் ஓடுவதில்லை.

ஆறாவது, யாருடன் விளையாடப் போகிறோம் என்பது. 'மைன்கிராஃப்ட்' விளையாட்டில் ஜாவா பதிப்பு, பெட்ராக் பதிப்பு என இரண்டு உண்டு. ஜாவா பதிப்பு கணிப்பொறிக்கு மட்டுமே உரியது. பெட்ராக் பதிப்பு விண்டோஸ் கணிப்பொறி, கைப்பேசி, வீட்டுக் கருவிகள் ஆகியவற்றில் ஓடும். ஒரு பதிப்பில் ஆடுபவர் மற்றப் பதிப்பில் ஆடுபவரோடு சேர்ந்து ஆட முடியாது. தோழியுடன் விளையாடவே வாங்குகிறோம் என்றால், தோழியிடம் உள்ள பதிப்பு எது என்று முதலில் கேட்க வேண்டும்.

கணிப்பொறிக்கு வாங்கும்போது

வீட்டுக் கருவிகளுக்குப் பெயர் பொருந்தினால் போதும்; கணிப்பொறிக்கோ வலிமையும் பொருந்த வேண்டும். ஒவ்வொரு விளையாட்டின் விற்பனைக் குறிப்பிலும் இரண்டு பட்டியல்கள் இருக்கும். ஒன்று, குறைந்த அளவுத் தேவை; மற்றொன்று, பரிந்துரைக்கும் அளவு. முதல் பட்டியல் 'ஓடும்' என்று மட்டுமே உறுதி தருகிறது. இரண்டாவது பட்டியல்தான் 'நன்றாக ஓடும்' என்கிறது.

நம் கணிப்பொறியின் வலிமையை அறிய எளிய வழி உண்டு. விண்டோஸ் பொத்தானையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்தினால் ஒரு சிறு கட்டம் வரும். அதில் டி, எக்ஸ், டி, ஐ, ஏ, ஜி என்ற ஆறு ஆங்கில எழுத்துகளை இடைவெளியின்றித் தட்டினால், பிராசசர், ரேம், கிராஃபிக்ஸ் அட்டை ஆகிய விவரங்கள் திரையில் தோன்றும். அவற்றைத் தாளில் எழுதிக்கொண்டு பட்டியலோடு ஒப்பிடலாம். பாடம் படிக்கவும் கணக்கு எழுதவும் வாங்கிய மடிக்கணினி பலவற்றில் தனிக் கிராஃபிக்ஸ் அட்டை இருப்பதில்லை. பெரிய விளையாட்டுகள் அவற்றில் திணறும்.

கணிப்பொறியின் வயதையும் பார்க்க வேண்டும். 'ஸ்டீம்' என்னும் புகழ்பெற்ற விளையாட்டு அங்காடி, 2024 ஜனவரி 1 முதல் விண்டோஸ் 7, விண்டோஸ் 8 ஆகியவற்றுக்குத் தரும் ஆதரவை நிறுத்திவிட்டது. ஆப்பிள் நிறுவனம் 2019இல் வெளியிட்ட 'கேட்டலினா' மென்பொருளில் 32 பிட் வகையைச் சேர்ந்த பழைய விளையாட்டுகள் ஓடாமல் நின்றன. நேற்று ஓடியது இன்றும் ஓடும் என்று எண்ணிவிடக் கூடாது. ஸ்டீமில் ஒரு நல்ல விதியும் உண்டு. வாங்கிய 14 நாட்களுக்குள், இரண்டு மணி நேரத்திற்கும் குறைவாகவே விளையாடியிருந்தால், பணத்தைத் திரும்பக் கேட்கலாம். பிரித்த தகட்டுக்கு இத்தகைய சலுகையைக் கடைக்காரரிடம் எதிர்பார்க்க இயலாது.

பெரியோருக்கு ஒரு சிறு சீட்டு

பரிசு வாங்கித் தரும் பெரியோர் எல்லோருக்கும் இந்த நுணுக்கங்கள் தெரிந்திருக்க வேண்டும் என்பதில்லை. கேட்டுச் சொல்வது நம் கடமை. "எங்கள் வீட்டில் இருப்பது பிளேஸ்டேஷன் 4. தகடு போடும் வசதி உண்டு. உறையில் இந்தப் பெயரும் எண்ணும் அச்சிட்டிருக்க வேண்டும்" என்று மூன்று வரிகள் எழுதி, கருவியின் சீட்டையும் படமெடுத்து அனுப்பினால் போதும். அத்தோடு உறையின் மூலையில் உள்ள வயதுக் குறியையும் பார்க்கச் சொல்லலாம். ஐரோப்பிய முறையில் அது 3, 7, 12, 16, 18 என்று எண்ணால் குறிக்கப்படும். கருவிக்குப் பொருந்தினாலும் பிள்ளையின் வயதுக்குப் பொருந்தாத விளையாட்டு, பொருத்தமற்ற விளையாட்டே ஆகும்.

கோபுரம் கட்ட எண்ணுகிறவன் முதலில் உட்கார்ந்து செலவைக் கணக்கிட வேண்டும் என்று லூக்கா நற்செய்தியில் ஆண்டவர் கற்பிக்கிறார். மறைக்கல்வி வகுப்பில் நாம் படிக்கும் தலையான நற்பண்புகளுள் முதலாவது விவேகம். அது பெரிய காரியங்களுக்கு மட்டும் உரியதன்று. கடை வாசலில் நின்று ஓர் உறையைத் திருப்பிப் படிக்கும் அந்த ஒரு நிமிடத்திற்கும் உரியது. தோழியரே, வாங்குமுன் கேட்போம், ஒப்பிடுவோம், பிறகு வாங்குவோம். நம் பெற்றோரும் உறவினரும் வியர்வை சிந்தி ஈட்டிய பணம் அலமாரியில் அடைபட்டுக் கிடக்காமல், நம் இல்லங்களில் மகிழ்ச்சியாக மலரட்டும்!