சாவி கொடுத்தால் ஓடும் தகரம்

ஜப்பானின் யோகோஹாமா நகரில் யமாத்தே என்றொரு மேட்டுப் பகுதி. அங்கே ஒரு சிறு கட்டடத்தில் இருக்கிறது தகரப் பொம்மை அருங்காட்சியகம். டெருஹிசா கிடஹாரா என்ற தனி மனிதர் தேடித் தேடிச் சேர்த்தவை 1986இல் பொதுமக்கள் பார்வைக்கு வந்தன. 1890களிலிருந்து 1960கள் வரை செய்யப்பட்ட சுமார் 3,000 பொம்மைகள் இங்கே உள்ளன.

தகரப் பொம்மைக்கு முகம் முதலில், உடம்பு பிறகு. கண், பித்தான், கார் ஜன்னல் எல்லாவற்றையும் தட்டையான தகட்டிலேயே அச்சடித்துவிடுவார்கள். அதற்கப்புறம்தான் அழுத்தி உருவம் எடுப்பார்கள். கன்னம் உப்பும்போது கண் எங்கே போய் நிற்கும் என்று ஓவியர் முன்கூட்டியே கணக்குப் போட்டிருக்க வேண்டும். இரு பாதிகளை இணைக்கப் பற்றவைப்பும் வேண்டாம். ஒன்றின் விளிம்பிலுள்ள சிறு நாக்குகளை மற்றதன் பிளவுகளில் நுழைத்து மடக்கிவிட்டால் போதும்.

வயிற்றுக்குள் இருப்பது சுருட்டிய எஃகுப் பட்டை. சாவி கொடுக்கும்போது நம் கைவலு அதில் சேர்கிறது. சும்மா விட்டால் நொடியில் அவிழ்ந்து தீர்ந்துவிடும். அதனால் பல பொம்மைகளில் கடைசிப் பற்சக்கரத்தின் மேல் ஒரு சிறு தகடு பல்லுக்குப் பல் தட்டி, வேகத்தை மட்டுப்படுத்துகிறது. நாம் கேட்கும் ‘கிர்ர்’ ஓசை அதுதான். தரையில் தேய்த்துவிடும் கார்களில் சுருள்வில் கிடையாது. உள்ளே சுழலும் கனத்த சக்கரம், தேய்ப்பில் பெற்ற வேகம் தீரும்வரை வண்டியை ஓட்டும்.

இரண்டாம் உலகப் போரில் தோற்று, 1945 ஆகஸ்டில் ஜப்பான் சரணடைந்தது. அந்த டிசம்பரிலேயே கியோட்டோ கடையொன்றில் ஒரு தகர ஜீப் 10 யென்னுக்கு விற்பனைக்கு வந்தது. செய்தவர் மத்சுசோ கொசுகே. மூலப்பொருள், அமெரிக்கப் படையினர் தின்றுவிட்டு எறிந்த டப்பாக்கள். ஜெயித்தவர்களின் வண்டியை ஜெயித்தவர்களின் குப்பையிலேயே செய்துவிட்டார்! பின்னர் ‘ஆக்கிரமிக்கப்பட்ட ஜப்பானில் செய்யப்பட்டது’ என்ற முத்திரையோடு பொம்மைகள் அமெரிக்காவுக்கே கப்பலேறின. 1960களில் பிளாஸ்டிக் வந்து தகரத்தை ஓரங்கட்டியது.

விளையாடித் தீர்ப்பதற்கென்றே செய்த பொருள். உடைந்தால் குப்பைக்குத்தான் போகும். கிடஹாரா போன்றவர்கள் பொறுக்கி வைத்ததால்தான் இவ்வளவாவது மிஞ்சியது. இந்த அருங்காட்சியகத்தைப் பார்த்துப் போன அமெரிக்க அசைவூட்டப் பட இயக்குநர் ஜான் லாஸெட்டர் 1988இல் ‘டின் டாய்’ குறும்படத்தை எடுத்தார். கணினியில் உருவாகி ஆஸ்கர் வென்ற முதல் அசைவூட்டப் படம் அது. 1995இல் வெளிவந்த ‘டாய் ஸ்டோரி’ அந்தத் தகரப் பொம்மையிலிருந்து கிளைத்ததுதான்.